சுவருக்கும் காது உண்டு

(சங்கத்தின் மாதாந்திர ஞாயிற்றுக்கிழமைக் கூட்டத்தில், ரயில்வே எழுத்தராகப் பணியாற்றும் நம் அமைப்பாளர் ஆற்றிய உரை)



இன்றைய பேச்சின் தலைப்பைப் பலகையில் பார்த்துவிட்டு இரண்டு பேர் என்னிடம் நேராகவே வந்து கேட்டார்கள். “குழாயில் தண்ணீர் வராததைப் பற்றிப் பேச வேண்டிய நேரத்தில், பெயரே வாயில் நுழையாத ஒரு செக்காரரின் சினிமாக் கதையை எதற்கு எடுத்தீர்கள்?” என்றார்கள். நியாயமான கேள்விதான். தண்ணீரைப் பற்றிச் செயலாளர் எனக்கு முன்பே பேசிவிட்டார். மனு வாசலில் மேசை மேல் இருக்கிறது. போகும்போது கையெழுத்துப் போட்டுவிட்டுப் போங்கள். தாய்மார்களும் போட வேண்டும், குடத்தைத் தூக்குகிறவர்கள் நீங்கள்தானே.

இனி செக்காரர் கதைக்கு வருகிறேன். அது நமக்கு அவ்வளவு தூரத்து நாடு அல்ல. நம் காலில் கிடக்கும் பாட்டா செருப்பு அந்த நாட்டில் பிறந்தது. மொராவியா என்ற பகுதியில் ஸ்லீன் என்ற ஊரில் 1894இல் தொடங்கிய கம்பெனி அது. திருச்சி திருவெறும்பூரில் பாய்லர் ஆலை 1965இல் தொடங்கியபோது கை கொடுத்தது செக்கோஸ்லோவேகியா. நம் வீடுகளில் சிலருடைய சித்தப்பாவும் பெரியப்பாவும் அந்த ஆலையில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர்கள். அந்தக் கூட்டு நாடு இப்போது இல்லை. 1993 முதல் செக் நாடு வேறு, ஸ்லோவாகியா வேறு. நான் சொல்லப் போகிற மனிதர் வாழ்ந்தது இரண்டும் ஒன்றாக இருந்த காலத்தில்.

அவர் பெயர் யான் புரோஹாஸ்கா. திரைக்கதை ஆசிரியர். உலக சினிமா பேசுகிறவர்கள் செக் நாடு என்றதும் மிலோஷ் போர்மன், யிர்ஷி மென்சல் என்று இயக்குநர்கள் பெயரைச் சொல்வார்கள். மென்சல் எடுத்த ஒரு படம் ஒரு சின்ன ரயில் நிலையத்தில் நடப்பது. 1968இல் ஆஸ்கர் வாங்கியது. அந்தக் கதையை எழுதிய ஹ்ரபால் யுத்த காலத்தில் ரயில் நிலையத்தில் வேலை பார்த்தவர். ரயில்வேக்காரன் என்பதால் இதை ஒரு பெருமைக்காகச் சொல்லிக்கொள்கிறேன். அதற்கு மேல் அந்தப் படத்துக்கும் இன்றைய பேச்சுக்கும் சம்பந்தம் இல்லை. ஆனால் புரோஹாஸ்காவை யாரும் சொல்வதில்லை. கதை வசனம் எழுதியவர் பெயர் திரையில் விழுந்ததும் கை தட்டி விசில் அடித்த தலைமுறை நம் வீடுகளில் உண்டு. ஐரோப்பாவில் அந்த வழக்கம் குறைவு. அங்கே படம் இயக்குநருடையது. எழுதியவன் பெயர் சின்ன எழுத்தில் ஓடி மறைந்துவிடும். இவருக்கோ அந்தச் சின்ன எழுத்தும் ஒரு படத்தில் கிடைக்கவில்லை. அதைப் பிறகு சொல்கிறேன்.

1929 பிப்ரவரியில், மொராவியாவில் இவான்சிட்சே என்ற ஊரில், விவசாயக் குடும்பத்தில் பிறந்தவர் புரோஹாஸ்கா. மாடு, குதிரை, சேறு, அடி, உதை எல்லாம் தெரிந்து வளர்ந்தவர். அவருக்குப் பத்து வயது ஆகும்போது ஹிட்லர் படை நாட்டுக்குள் வந்துவிட்டது. பதினாறு வயதில் சோவியத் படை வந்து விடுவித்தது. 1948 பிப்ரவரியில் கம்யூனிஸ்டுக் கட்சி முழு ஆட்சியைக் கைப்பற்றியபோது அவருக்குப் பத்தொன்பது. இளைஞர் சங்கத்தில் சேர்ந்தார். விவசாயம் படித்தவர் என்பதால் இளைஞர்களைக் கொண்டு நடத்திய ஓர் அரசுப் பண்ணையில் பொறுப்பு வகித்தார். பிறகு தலைநகர் பிராகாவுக்கு, இளைஞர் சங்கத் தலைமையகத்துக்குப் போனார்.

இதை அழுத்திச் சொல்லக் காரணம் உண்டு. புரோஹாஸ்கா வெளியிலிருந்து கல் எறிந்தவர் அல்ல. உள்ளே இருந்தவர், நம்பியவர். நாளைக்கு நல்லது நடக்கும் என்று நம்பித்தான் அந்தப் பையன் பண்ணையில் உழைத்தான். அவர் எழுதிய முதல் புத்தகங்களில் ஒன்றான ‘பசுமை அடிவானங்கள்’ அந்தப் பண்ணை அனுபவத்திலிருந்து பிறந்தது. படித்தவர்கள் சிலர் இப்போது, “அப்போதே அவருக்குத் தெரிந்திருக்க வேண்டாமா?” என்று கேட்கிறார்கள். ஐம்பது ஆண்டு கழித்து நாற்காலியில் உட்கார்ந்து கேட்பது சுலபம்.

1950களின் இறுதியில் பாரன்டோவ் என்ற இடத்திலுள்ள அரசு ஸ்டூடியோவுக்கு எழுத்தாளராக வந்தார். நம்மூர் மாதிரி முதலாளி பணம் போட்டுப் படம் எடுக்கும் ஏற்பாடு அங்கே இல்லை. ஸ்டூடியோ அரசுடையது. உள்ளே எழுத்தாளர்களும் தயாரிப்பாளர்களும் குழு குழுவாகப் பிரிந்து, எந்தக் கதையை எடுப்பது என்று தீர்மானித்து மேலே அனுப்புவார்கள். அப்படி ஒரு குழுவுக்குப் புரோஹாஸ்காவும் தலைமை வகித்தார். அங்கே அவருக்குக் காரெல் கஹின்யா என்ற இயக்குநர் நண்பரானார். இருவரும் சேர்ந்து பத்தாண்டில் பத்துப் படங்களுக்குக் குறையாமல் செய்தார்கள். முதலில் வந்தவற்றில் ஒன்று 1961இல் வந்த ‘வேதனை’. ஒரு சிறுமிக்கும் அடங்காத ஒரு குதிரைக்கும் உள்ள உறவு. குழந்தைகள் கதை என்றுதான் தோன்றும். ஆனால் பெரியவர்கள் எவ்வளவு சுலபமாக, எவ்வளவு சாதாரணமாகக் கொடுமை செய்கிறார்கள் என்பதுதான் படம். புரோஹாஸ்காவின் கதைகளில் குழந்தையும் குதிரையும் மாடும் திரும்பத் திரும்ப வரும். அவர் பார்த்து வளர்ந்தது அதுதான்.

இரண்டு படங்களைப் பற்றிக் கொஞ்சம் நிதானமாகச் சொல்ல வேண்டும்.

முதலாவது ‘குடியரசு வாழ்க’. 1965இல் நாடு விடுதலை அடைந்து இருபது ஆண்டு நிறைவு விழா. அதற்கு ஒரு படம் வேண்டும் என்று அரசு கேட்டது. கொடியும் பூவும் டாங்கியும் கீழே ஓடிவரும் மக்களும் இருக்கும் என்றுதான் எதிர்பார்த்திருப்பார்கள். புரோஹாஸ்கா என்ன எழுதினார்? ஒலின் என்ற பன்னிரண்டு வயதுப் பையன். குள்ளன் என்று ஊர்ப் பிள்ளைகள் கேலி செய்வார்கள். அப்பா பெல்ட்டால் அடிப்பார். அவனுக்கு இருக்கும் ஒரே துணை யுலினா என்ற பெண் குதிரை. ஜெர்மானியர் ஓடுகிறார்கள், ரஷ்யர் வருகிறார்கள், நடுவில் ஊர்க்காரர்கள் அவரவர் குதிரையையும் வண்டியையும் ஒளித்துவைக்க அலைகிறார்கள். விட்டுப்போன வீடுகளில் புகுந்து கிடைத்ததை அள்ளுகிறார்கள். விடுதலை வந்த அன்றே, ஊரே ஒன்று சேர்ந்து தங்களில் ஒருவனைத் துரோகி என்று துரத்துகிறது. துரத்தித் துரத்தியே அந்த மனிதனைச் சாக வைத்துவிடுகிறது. நேற்றுவரை வாய் திறக்காமல் இருந்தவர்கள்தான் இன்று அதிகம் கூச்சல் போடுகிறார்கள். விழாவுக்குக் கேட்ட படத்தில் இது! ஆனாலும் படம் வெளிவந்தது. பாராட்டும் பெற்றது.

எப்படி வெளிவந்தது என்றால், எழுதியவர் பெரிய இடத்து மனிதர். 1962 முதல் புரோஹாஸ்கா கட்சியின் மத்தியக் குழுவில் கேண்டிடேட் உறுப்பினர், அதாவது உட்காரலாம், பேசலாம், ஓட்டு இல்லை. நாட்டின் ஜனாதிபதியும் கட்சியின் முதல் செயலாளருமான நோவோட்னிக்கு இவரைப் பிடிக்கும். கிராமத்திலிருந்து வந்த, கலகலப்பான, நேராகப் பேசுகிற இளைஞன் என்று தனிப்பட்ட முறையில் பழக்கம். அந்தப் பழக்கத்தைப் புரோஹாஸ்கா பயன்படுத்திக்கொண்டார். தன் படத்துக்கும் பயன்படுத்தினார், பிறர் படத்துக்கும் பயன்படுத்தினார். இதில் நான் அவரைக் குற்றமற்றவர் என்று தூக்கிப் பிடிக்க வரவில்லை. அந்த மேசையில் அவரும் உட்கார்ந்து சாப்பிட்டவர்தான். மேலிடத்தில் ஆள் இருப்பதால் நடக்கிற நன்மை, ஆள் போனதும் போய்விடும். யூனியன் வேலை பார்க்கிறவர்களுக்கு இது தெரியும்.

இரண்டாவது படம் ‘வியன்னாவுக்கு ஒரு வண்டி’, 1966. இதைப் பார்த்த அன்று எனக்கு இரவு தூக்கம் வரவில்லை. யுத்தம் முடியப் போகிற கடைசி நாட்கள். கிறிஸ்டா என்ற கிராமத்துப் பெண்ணின் கணவனை ஜெர்மானியர் தூக்கில் போட்டுவிட்டார்கள். அடுத்து, ஓடிப் போகிற இரண்டு சிப்பாய்கள் வந்து, குதிரை வண்டியைப் பூட்டி எங்களை எல்லைக்கு ஓட்டிப் போ என்கிறார்கள். ஒருவன் காயம் பட்டுப் படுத்திருக்கிறான். இன்னொருவன் மீசை சரியாக முளைக்காத பையன். அவளுக்கு அவர்கள் பாஷை தெரியாது, அவர்களுக்கு அவள் பாஷை தெரியாது. காடு, மூடுபனி, சக்கரச் சத்தம். வண்டிக்கு அடியில் அவள் ஒரு கோடாலியை ஒளித்து வைத்திருக்கிறாள். அவர்களுடைய ஆயுதங்களை ஒவ்வொன்றாகக் காட்டில் வீசிக்கொண்டே வருகிறாள். கொல்லப் போகிறாள் என்று நமக்குத் தெரியும். கொல்ல வேண்டும் என்று நாமும் நினைக்கிறோம். அந்தப் பையனோ பேசிக்கொண்டே வருகிறான். யுத்தம் முடிந்துவிடும், வீட்டுக்குப் போகலாம் என்ற சந்தோஷம் அவனுக்கு. கடைசியில் அவளால் கோடாலியை ஓங்க முடிகிறது, போட முடியவில்லை. அவர்களிடையே பிறப்பது காதல் என்று சொல்லுங்கள், இரக்கம் என்று சொல்லுங்கள். விடியும்போது வருகிறவர்கள் நம் பக்கத்து ஆட்கள், விடுதலைப் படைக்காரர்கள். அவர்கள் அந்தப் பையனைக் கொல்கிறார்கள். அந்தப் பெண்ணுக்குச் செய்த கொடுமையை இந்தச் சபையில் நான் விரித்துச் சொல்ல விரும்பவில்லை, புரிந்துகொள்ளுங்கள்.

கிறிஸ்டாவாக நடித்தவர் இவா யான்ஷுரோவா. படம் முழுக்க அவருக்கு வசனமே ஏறக்குறைய இல்லை. எழுத்தாளன் எழுதாமல் விட்ட இடத்தில்தான் கெட்டிக்காரத்தனம் தெரிகிறது. நாட்டில் எதிர்ப்பு எழுந்தது. எதிரிக்கு இரக்கம் காட்டிவிட்டான், நம் வீரர்களை இழிவுபடுத்திவிட்டான் என்று சொன்னார்கள். நம் சங்கத்திலும் அப்படிச் சொல்லக்கூடியவர்கள் உண்டு. அவர்களுக்கு என் பதில் இதுதான்: நம் பக்கம் நியாயம் இருக்கிறது என்பதால் நம் ஆள் செய்ததெல்லாம் நியாயம் ஆகிவிடாது. அதை நம் ஆளே எழுதினால் நமக்கு மருந்து. அடுத்தவன் எழுதும்வரை காத்திருந்தால் அது வசை.

1967இல் ‘மணமகளின் இரவு’ வந்தது. கிராமத்தில் நிலத்தைச் சேர்த்துக் கூட்டுப் பண்ணை அமைத்த காலத்துக் கதை. வசதியான விவசாயி ஒருவன் மாடுகளைப் பறிகொடுக்க மாட்டாமல் உயிரை விட்டுவிடுகிறான். கன்னியாஸ்திரீயாக இருந்த மகள் ஊருக்குத் திரும்பி வருகிறாள். ஊர் அவளைச் சுற்றிக் கூடுகிறது. கூட்டுப் பண்ணை என்ற எண்ணத்தையே புரோஹாஸ்கா வெறுத்தவர் இல்லை, அவரே பண்ணை நடத்தியவர். விவசாயியின் கழுத்தில் காலை வைத்து அதைச் செய்த முறையைத்தான் அவர் எழுதினார்.

அதே 1967 ஜூனில் எழுத்தாளர் மாநாடு. லுட்விக் வட்சுலிக், மிலன் குந்தேரா போன்றவர்கள் எழுந்து அதிகாரத்தைப் பற்றியும் தணிக்கையைப் பற்றியும் வெளிப்படையாகப் பேசிவிட்டார்கள். மேலிடம் கொதித்தது. செப்டம்பரில் வட்சுலிக் உள்ளிட்ட மூவரைக் கட்சியிலிருந்து நீக்கினார்கள். புரோஹாஸ்காவின் மத்தியக் குழு இடம் பறிபோனது. ஜனாதிபதியின் பழக்கம் அன்றோடு முடிந்தது.

ஆனால் காற்று வேகமாகத் திரும்பியது. 1968 ஜனவரியில் டூப்செக் கட்சித் தலைமைக்கு வந்தார். மார்ச்சில் நோவோட்னி ஜனாதிபதி பதவியை விட்டார். ஜூனில் தணிக்கையைச் சட்டம் போட்டே நீக்கினார்கள். அந்த வசந்த காலத்தில் புரோஹாஸ்கா எழுத்தாளர் சங்கத்தின் துணைத் தலைவர். இளைஞர் கூட்டங்களில் அவர் பேச்சைக் கேட்கக் கூட்டம் கூடியது. கிராமத்துப் பேச்சு, நகைச்சுவை, ஒளிவு மறைவு கிடையாது. ‘எல்லோருக்குமான அரசியல்’ என்று ஒரு புத்தகமும் அந்த ஆண்டு போட்டார். தலைப்பைக் கவனியுங்கள். அரசியல் மேலே நாலு பேருக்கு மட்டும் உரியதல்ல என்பதுதான் அவர் கட்சி. ஆகஸ்டு 21ஆம் தேதி விடியற்காலையில் சோவியத் தலைமையில் அண்டை நாட்டுப் படைகள் டாங்கிகளோடு நுழைந்தன. அத்தோடு அந்த வசந்தம் முடிந்தது. 1969 ஏப்ரலில் டூப்செக் இடத்துக்கு ஹூசாக் வந்தார். ஒவ்வொரு அலுவலகத்திலும் ஆட்களைக் கூப்பிட்டு, படை வந்ததை ஏற்கிறாயா இல்லையா என்று கேட்கத் தொடங்கினார்கள். இல்லை என்றவருக்கு வேலை இல்லை.

எல்லாக் கதவுகளும் மூடிக்கொண்டிருந்த அந்த இடைவெளியில், புரோஹாஸ்காவும் கஹின்யாவும் ஒரு படத்தை எடுத்து முடித்தார்கள். செக் மொழியில் ‘உஹோ’. தமிழில் ‘காது’. நான் இன்று இங்கே நிற்பதே அந்தப் படத்துக்காகத்தான்.

கதை ஒரே இரவில், ஒரே வீட்டில். 1950களின் காலம். அந்தக் காலம் எப்படிப்பட்டது என்று தெரிந்தால்தான் படம் புரியும். கட்சியின் பொதுச் செயலாளராக இருந்த ஸ்லான்ஸ்கியையே துரோகி என்று கைது செய்து, 1952இல் பதினான்கு பேர் மேல் வழக்கு நடத்தி, பதினோரு பேரைத் தூக்கில் போட்டார்கள். பதினான்கில் பதினோரு பேர் யூதர்கள். நேற்று மேடையில் மாலை போட்டவன் இன்று கூண்டில் நிற்பான். அடுத்தது யார் என்று யாருக்கும் தெரியாது. துணை மந்திரி ஒருவனும் அவன் மனைவியும் பிராகா அரண்மனையில் நடந்த அரசாங்க விருந்து முடிந்து நள்ளிரவில் வீடு திரும்புகிறார்கள். கணவன் பெயர் லுட்விக், மனைவி பெயர் அன்னா. கேட் சாவியைக் காணோம். உள்ளே போனால் விளக்கு எரியவில்லை, தொலைபேசி செத்துக் கிடக்கிறது. அக்கம்பக்கத்து வீடுகளில் விளக்கு எரிகிறது.

விருந்தில் லுட்விக்குக் காதில் விழுந்த சேதி: அவனுடைய மந்திரியைக் கைது செய்துவிட்டார்கள். அவ்வளவுதான். அந்த இருட்டில் மெழுகுவர்த்தி வைத்துக்கொண்டு, விருந்தில் யார் என்ன சொன்னார், யார் எந்த மாதிரிச் சிரித்தார், யார் முகத்தைத் திருப்பிக்கொண்டார் என்று ஒவ்வொன்றாக ஞாபகப்படுத்துகிறான். இருக்கிற காகிதங்களையெல்லாம் கழிப்பறையில் எரித்துத் தண்ணீர் விடுகிறான். மனைவி குடித்திருக்கிறாள். அன்றைக்கு அவர்களுக்கு பத்தாவது கல்யாண நாள். அவனுக்கு ஞாபகமில்லை. அந்தப் பெண் விடிய விடிய அவனைக் கேட்கிற கேள்வி இருக்கிறதே! இரண்டு பேருக்கும் தெரியும், வீட்டில் ஒட்டுக்கேட்கும் கருவி உண்டு என்று. அதற்கு அவர்கள் வைத்திருக்கும் செல்லப் பெயர்தான் ‘காது’. சமையலறையிலும் குளியலறையிலும் மட்டும் காது இல்லை என்று நம்பி, முக்கியமானதை அங்கே போய்ப் பேசுவார்கள். குழாயைத் திறந்துவிட்டுப் பேசுகிற தம்பதி!

நடு இரவில் ஆட்கள் வருகிறார்கள். சிறைக்குத்தான் என்று நினைத்து இவள் அவனுக்குத் துணியெடுத்து வைக்கப் போகிறாள். வந்தவர்களோ, சும்மா குடிக்க வந்தோம் என்று உட்கார்ந்து குடித்துக் கூத்தடித்துவிட்டுப் போகிறார்கள். அவர்கள் போன பிறகு பார்த்தால், காது எல்லா அறையிலும் இருக்கிறது. இல்லை என்று நம்பிய இடத்திலும் இருக்கிறது. அங்கே பேசியதெல்லாம் போயிருக்கிறது. லுட்விக் தன்னைச் சுட்டுக்கொள்ளலாம் என்று துப்பாக்கியைத் தேடுகிறான். துப்பாக்கியையும் எடுத்துப் போய்விட்டார்கள்.

விடிந்ததும் செத்துக் கிடந்த தொலைபேசி மணி அடிக்கிறது. என்ன சேதி? கைது இல்லை. அவனை மந்திரியாக நியமித்திருக்கிறார்கள்! எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, கேட்டதனாலேயே அவனைத் தூக்கி மேலே வைக்கிறார்கள். இனி அவன் அவர்களுடைய ஆள். இரவு முழுக்கத் திட்டித் தீர்த்த அன்னா அப்போதுதான் சொல்கிறாள், எனக்குப் பயமாக இருக்கிறது என்று.

அன்னாவாக நடித்த யிர்ஷினா போஹ்தலோவா அந்த நாட்டில் பெயர்பெற்ற நகைச்சுவை நடிகை. சிரிக்க வைக்கிற முகம் பயத்தில் உறையும்போது வரும் பாரம் தனி. கணவன் மனைவி சண்டையாகவும் இதைப் பார்க்கலாம், அரசியல் படமாகவும் பார்க்கலாம். பயம் ஒரு வீட்டுக்குள் நுழைந்தால் முதலில் தின்பது புருஷன் பெண்டாட்டிக்கு நடுவில் இருக்கும் பேச்சைத்தான் என்பதைப் புரோஹாஸ்கா கண்டுபிடித்தார்.

இது மந்திரிகள் வீட்டுச் சமாசாரம், நமக்கு என்ன என்று நினைக்க வேண்டாம். நான் பல ஆண்டுகளுக்கு முன்பு வேலை பார்த்த ஓர் அலுவலகத்தில், கேன்டீனில் டீ குடிக்கும்போது ஒரு தோழர் மேலதிகாரியைப் பற்றிச் சொன்ன கேலி சாயங்காலத்துக்குள் அந்த அதிகாரி மேசைக்குப் போய்விட்டது. பத்தாம் நாள் மாறுதல் உத்தரவு. அதற்குப் பிறகு அந்தக் கேன்டீனில் யாரும் யாரோடும் பேசவில்லை. கிரிக்கெட் மட்டும் பேசினார்கள். யார் காது என்று தெரியாததால் எல்லோரும் காதாகத் தெரிந்தார்கள். கருவி வைக்காமலே அந்த வேலை நடந்துவிட்டது.

படம் 1970இல் தயாரானது. தயாரானதும் பெட்டிக்குள் போட்டுப் பூட்டினார்கள். ஒரு தியேட்டரிலும் வரவில்லை. அப்படிப் பூட்டிய படங்களுக்கு அந்த நாட்டில் ‘பெட்டகப் படங்கள்’ என்றே பெயர்.

இதற்குப் பிறகு நடந்ததைக் கதையில் எழுதினால், எழுத்தாளன் மிகைப்படுத்துகிறான் என்போம். புரோஹாஸ்காவின் நண்பர் பேராசிரியர் வாட்ஸ்லாவ் செர்னி, பெரிய இலக்கிய அறிஞர். அவருடைய பிராகா வீட்டில் இருவரும் உட்கார்ந்து பேசுவார்கள். நண்பர்கள் வீட்டில் எப்படிப் பேசுவோமோ அப்படித்தான். கெட்ட வார்த்தை வரும், கேலி வரும், கூட இருக்கிறவர்களையே நையாண்டி செய்வோம். அந்தப் பேச்சை ரகசியப் போலீஸ் நாடாவில் பதிவு செய்து வைத்திருந்தது. 1970 வசந்தத்தில் அதை வெட்டி ஒட்டி, ‘சீன் நதிக்கரையிலிருந்து ஒரு சாட்சியம்’ என்று பெயர் சூட்டி, ஏதோ பாரிசிலிருந்து கிடைத்தது போல, தொலைக்காட்சியில் நாடு முழுக்கக் காட்டினார்கள். வானொலியிலும் போட்டார்கள். காதைப் பற்றிப் படம் எழுதியவரின் குரலைக் காதே ஊருக்குப் போட்டுக் காட்டியது.

நோக்கம் என்ன? ‘பாருங்கள், உங்கள் தலைவன் தனியாக இருக்கும்போது எப்படிப் பேசுகிறான், டூப்செக்கைப் பற்றிக்கூட எப்படிக் கேலி செய்கிறான்’ என்று காட்டுவது. ஆரம்பத்தில் அது பலித்தது. கேட்டவர்கள் முதலில் அதிர்ந்தது புரோஹாஸ்காவின் வாயைப் பார்த்துத்தான். வீட்டுக்குள் ஒட்டுக்கேட்டவன் அல்லவா குற்றவாளி என்று யோசிக்கக் கொஞ்சம் நேரம் பிடித்தது. மிலன் குந்தேரா 1984இல் வெளியிட்ட புகழ்பெற்ற நாவலில் இந்தச் சம்பவத்தைப் பெயர் சொல்லியே எழுதியிருக்கிறார். புரோஹாஸ்கா என்ற பெயரை வெளிநாட்டார் பலர் அறிந்தது அந்தப் பக்கத்தில்தான். பத்துப் படம் எழுதியவருக்கு உலகத்தில் மிஞ்சிய அடையாளம், ஒட்டுக்கேட்கப்பட்டவர் என்பது.

அப்போது அவருக்குப் புற்றுநோய். பதில் சொல்ல மேடை இல்லை, பத்திரிகை இல்லை. 1971 பிப்ரவரி 20ஆம் தேதி இறந்தார். வயது நாற்பத்திரண்டு.

அந்தக் கடைசிக் காலத்தில் அவர் எழுதிய ஒரு படம் வெளியே வந்தது. ஆலன் மார்ஷல் என்ற ஆஸ்திரேலிய எழுத்தாளரின் சுயசரிதையை எடுத்துக்கொண்டு, பழைய ஆஸ்திரிய ஹங்கேரி சாம்ராஜ்ய காலத்துக்கு மாற்றி எழுதியது. இளம்பிள்ளை வாதத்தால் கால் விளங்காமல் போன பையன் குதிரை ஏறக் கற்றுக்கொள்கிறான். ‘மீண்டும் குட்டைகளைத் தாண்டுகிறேன்’ என்று பெயர். இயக்கியவர் அதே கஹின்யா. புரோஹாஸ்காவின் பெயர் திரையில் வரக்கூடாது என்று தடை. அதனால் ஓட்டா ஹோப்மன் என்ற இன்னொரு எழுத்தாளர் தன் பெயரைக் கொடுத்தார். நண்பனின் உழைப்பு பெட்டகத்துக்குள் போகாமல் இருக்க, தான் எழுதாததற்குத் தன் பெயரைப் போட்டுக்கொள்வது எளிதான காரியம் அல்ல. ஹோப்மனும் அந்த ஒரு காரியத்துக்காக நினைக்கப்பட வேண்டியவர். செக் நாட்டுப் பிள்ளைகள் அந்தப் படத்தைப் பார்த்து வளர்ந்தார்கள். எழுதியவர் யார் என்று அவர்களுக்குத் தெரியாது. நம்மில் கட்டடம் கட்டுகிறவர்களுக்கும், தையல் மெஷினில் குனிந்திருக்கிறவர்களுக்கும் இதில் விளக்கம் தேவையில்லை. துணி போகும், கடையில் தொங்கும், தைத்தவர் பெயர் அதில் இருக்காது.

இயக்குநர் கஹின்யாவைப் பற்றியும் சொல்லிவிட வேண்டும். அவர் 2004 வரை இருந்தார். 1970க்குப் பிறகும் அவருக்கு வேலை கொடுத்தார்கள், படம் எடுத்துக்கொண்டே இருந்தார். அவர் வளைந்துகொடுத்தார் என்று பலர் குறை சொல்கிறார்கள். எனக்கு அவர் மேல் முழுக் கோபம் வரவில்லை. ஆனால் அதே படத்தை எழுதியவன் அவமானப்பட்டுச் சாக, எடுத்தவன் வேலையில் இருந்தான் என்பதை மறக்கவும் முடியவில்லை. பழைய நண்பனை அவர் மறக்கவில்லை என்பதற்கு ஒரு தடயம் உண்டு. 1990களில் புரோஹாஸ்காவின் ஒரு கதையை எடுத்து ‘பசு’ என்று படம் செய்தார். மலையில் தனியாக வாழும் ஏழை ஒருவனும் அவன் பசுவும்.

தண்டனை புரோஹாஸ்காவோடு நிற்கவில்லை. மகள்களுக்கும் வந்தது. இவா என்ற மகளுக்குப் பல்கலைக்கழகக் கதவைத் திறக்கவில்லை. கிடைத்த வேலையைப் பார்த்தார், 1983இல் நாட்டை விட்டு வெளியேறினார், பிள்ளைகளுக்கான எழுத்தாளராகப் பெயர் பெற்றார். லென்கா என்ற மகள் அரசாங்கம் மனித உரிமையை மதிக்க வேண்டும் என்று கேட்ட ‘சாசனம் 77’இல் கையெழுத்திட்டார், துப்புரவு வேலை பார்த்துக்கொண்டே எழுதினார். அப்பன் எழுதியதற்கு மகள் துடைப்பம் பிடித்தாள். துடைப்பம் பிடிப்பது இழிவு என்று நான் சொல்லவில்லை, இந்தச் சபையில் அப்படிச் சொல்கிறவனுக்கு அடிதான் விழும். படித்த பெண்ணுக்கு, அவள் தகப்பன் யார் என்பதற்காக, மற்ற வழியையெல்லாம் அடைத்ததைச் சொல்கிறேன்.

இப்போது ஒரு தோழர் பின்வரிசையிலிருந்து சீட்டு அனுப்பியிருக்கிறார். “சோஷலிச நாட்டின் குறையை நாமே எடுத்துப் பேசினால் எதிரிக்கு வாய் கிடைக்காதா?” என்று கேட்டிருக்கிறார். தோழரே, எதிரிக்கு வாய் ஏற்கெனவே இருக்கிறது, நாம் கொடுக்க வேண்டியதில்லை. புரோஹாஸ்கா சோஷலிசம் வேண்டாம் என்று எழுதியவர் இல்லை. நிலத்தை ஜமீனுக்குத் திருப்பிக் கொடு என்று அவர் ஒரு வரி எழுதியதில்லை. அவரைப் பூட்டி வைத்தவர்கள்தான், கடைசியில் அந்தச் சொல்லைக் கேட்டாலே ஜனங்கள் முகம் சுளிக்கும்படி செய்துவிட்டுப் போனார்கள். 1989 நவம்பரில் தெருவில் இறங்கியவர்களில் தொழிலாளிகளும் இருந்தார்கள், பொது வேலைநிறுத்தம் நடந்தது. தொழிலாளி பெயரால் நடந்த ஆட்சிக்கு எதிராகத் தொழிலாளி வேலைநிறுத்தம் செய்தான். இதைவிட அந்தச் சீட்டுக்கு நான் என்ன பதில் சொல்ல?

ஆட்சி போனதும் பெட்டகத்தைத் திறந்தார்கள். இருபது வருஷம் கிடந்த ‘காது’ படம் 1990இல் பிரான்சில் கான் திரைப்பட விழாவில் போட்டிப் பிரிவிலேயே காட்டப்பட்டது. புதுப் படங்களோடு பழைய படம் போட்டி போட்டது. எழுதியவர் இறந்து பத்தொன்பது ஆண்டுகள் ஆகியிருந்தன.

படம் 94 நிமிஷம்தான். ஆங்கில எழுத்து ஓடும் பிரதி நம்மிடம் இருக்கிறது. அடுத்த மாதக் கூட்டத்தன்று சாயங்காலம் ஆறு மணிக்கு இதே இடத்தில் போடுகிறோம். வசனத்தை நான் கூடவே தமிழில் சொல்லிக்கொண்டு வருகிறேன், என் குரலைக் கொஞ்சம் பொறுத்துக்கொள்ளுங்கள். குடியும் ஏச்சும் இருப்பதால் சிறு பிள்ளைகளை அழைத்துவர வேண்டாம். அவர்களுக்காக அன்று காலை பத்து மணிக்குக் குட்டை தாண்டும் பையன் படம் உண்டு. படம் தொடங்குமுன் எழுதியவர் பெயரைப் பிள்ளைகளுக்கு நானே சொல்லிவிடுகிறேன், திரையில் வராது. பாய் கொண்டு வாருங்கள், நாற்காலி முப்பதுதான் இருக்கிறது.

மனுவில் கையெழுத்தை மறக்க வேண்டாம்.